அரபுக் கருப்பாயி

மகள் பிறந்து பத்து நாளாகியும் பெயர் முடிவாகவில்லை. மனைவி கைப்பேசியில் ஒரு பட்டியல் வைத்திருந்தாள். மாமனார் எண் கணிதப் புத்தகத்தை விரித்துவைத்து ஒவ்வொரு பெயரையும் கூட்டிக் கூட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் சும்மா இருந்திருக்கலாம்.

“லைலான்னு வச்சா என்ன?” என்றேன்.

பிள்ளையின் துணிகளை மடித்துக்கொண்டிருந்த அம்மா கையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். “ஏன்யா, அந்தப் பிள்ள பட்டது போதாதா?”

அம்மா சொன்ன ‘அந்தப் பிள்ள’ என் அத்தை. அப்பாவின் தங்கை. இறந்து இருபது வருடம் ஆகப்போகிறது. அம்மாவுக்கு அவர் இன்னும் பிள்ளைதான்.

அத்தை 1957இல், மெர்டேக்காவுக்குச் சில மாதங்கள் முன்பு, கெர்லிங்கை ஒட்டிய ஒரு ரப்பர் தோட்டத்து லயத்தில் பிறந்தவர். கோலகுபுபாருவிலிருந்து தஞ்சோங் மாலிமுக்குப் பழைய சாலையில் போனால் நடுவில் வரும் சின்ன ஊர் கெர்லிங். நெடுஞ்சாலை வந்த பிறகு அந்த வழியாகப் போகவேண்டிய அவசியம் யாருக்கும் இல்லை. மலாயில் கெர்லிங் என்றால் கடைக்கண் பார்வை. ஓர் ஆற்று மீனுக்கும் அதே பெயர் உண்டு. எங்கள் தோட்டத்து ஆட்களுக்கு இந்த அர்த்தமெல்லாம் தெரியாது. கெர்லிங் என்றால் சம்பளம் போட்ட மறுநாள் சாமான் வாங்கப் போகும் இடம், அவ்வளவுதான்.

தாத்தா தன் மகளுக்கு வைத்த பெயர் லீலா. 1955இல் வந்த ‘மிஸ்ஸியம்மா’ படத்தின் பாட்டுகள் அப்போது எல்லார் வாயிலும் இருந்தன. அதில் பாடிய பி. லீலாவின் குரல் என்றால் தாத்தாவுக்கு உயிர். அந்தப் படத்தின் கதையைப் பின்னால் பார்த்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. மேரி என்று கிறித்தவ வீட்டில் வளரும் பெண், கடைசியில் சிறுவயதில் காணாமல் போன மகாலட்சுமி என்று தெரியவரும். இரண்டு பெயர் உள்ள பெண்ணைப் பற்றிய படத்திலிருந்து எடுத்த பெயர், கொஞ்ச நாளிலேயே இரண்டாகிப் போனது.

பிறப்பைப் பதியத் தாத்தா பட்டணத்துக்குப் போனார். அவருக்குத் தமிழ் மட்டும்தான் எழுதத் தெரியும். மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தவர் மலாய்க்காரர். தாத்தா வாயால் சொன்னார், அவர் காதால் எழுதினார். தாத்தா சொன்ன லீலா, அவர் அறிந்த லைலாவாகத் தாளில் இறங்கியது. அந்தக் காலத்தில் இது புதிதல்ல. இந்த நாட்டில் எத்தனையோ லட்சுமிகள் லெச்சுமிகளாகத்தான் அடையாள அட்டையில் இருக்கிறார்கள். ஆனால் லட்சுமி லெச்சுமியானால் அது எழுத்துப்பிழை. லீலா லைலாவானால் வேறு ஒரு பெயர், வேறு ஒரு மொழி.

ஏழு வயதில் தோட்டத்துப் பள்ளியில் சேர்க்கும் வரை வீட்டில் யாருக்கும் இது தெரியாது. முதல் நாள் வாத்தியார் பெயர் கூப்பிட்டிருக்கிறார். “லைலா.” யாரும் எழவில்லை. “லைலா யாரு?” கடைசியில் பெயர் கூப்பிடப்படாமல் மிச்சம் இருந்த ஒரே பிள்ளையை எழுப்பி, “நீதான் லைலா போலிருக்கு” என்றாராம். அன்றைக்கே பையன்கள் “மஜ்னு எங்கடி?” என்று ஆரம்பித்துவிட்டார்கள். அத்தை அழுதுகொண்டே வந்ததை அப்பா பல தடவை சொல்லியிருக்கிறார்.

தாத்தா பிறப்புப் பத்திரத்தை மடித்து எடுத்துக்கொண்டு கெர்லிங் பட்டணத்துக் காக்கா கடைக்குப் போனார். அரபு ஓதத் தெரிந்தவர் என்று அவருக்குத் தெரிந்த ஒரே ஆள் மளிகைக்கடைக் காக்காதான். காக்கா தாளைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “நல்ல பேருதானே. அரபுல ராத்திரின்னு அர்த்தம்.”

தாத்தா கொஞ்சநேரம் யோசித்தார். “எங்க ஆத்தா பேரு கருப்பாயி. அப்ப இது அரபுக் கருப்பாயி” என்றார். அதோடு பிரச்சினை முடிந்துவிட்டது என்று வீட்டுக்கு வந்துவிட்டார். திருத்த வேண்டுமென்றால் ஒருநாள் சம்பளம் போகும், இன்னொரு தடவை அந்த மேசை முன்னால் நிற்கவேண்டும். அர்த்தம் தெரிந்துவிட்டதால் அவருக்கு அது போதுமாக இருந்தது.

பல்கலைக்கழகம் போன பிறகு இந்தப் பெயரைத் துரத்திக்கொண்டு நான் நிறைய வாசித்தேன். காக்கா சொன்னது சரி. அரபில் ‘லைல்’ என்றால் இரவு. ‘லைலா’ என்றால் ஓர் இரவு. நாம் ஆயிரத்தொரு இரவுகள் என்று சொல்லும் கதைத்தொகுதியின் அரபுப் பெயரே ‘அல்ஃப் லைலா வ லைலா’தான். ரமலான் கடைசியில் மலாய்க்காரர்கள் விழித்திருக்கும் ‘லைலத்துல் கத்ர்’ இரவிலும் இதே சொல்தான். அரபின் உறவுமொழியான எபிரேயத்திலும் லைலா என்றால் இரவு. பழைய அரபு அகராதிக்காரர்கள் இன்னும் கொஞ்சம் உள்ளே போகிறார்கள். மாதத்தின் மிகக் கரிய இரவை இதே வேரிலிருந்து வந்த சொல்லால் சிறப்பித்துச் சொல்கிறார்கள். கறுத்த மதுவுக்கு ‘உம்மு லைலா’, அதாவது லைலாவின் தாய், என்று ஒரு பெயர். கள்ளுக்கடை உள்ள தோட்டத்தில் தாத்தாவிடம் இதைச் சொல்லியிருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார்.

நான் எதிர்பாராதது வேறொன்று. இந்தப் பெயர் இஸ்லாத்துக்கும் முந்தியது. ஆறாம் நூற்றாண்டில் தக்லிப் குலத்தில் லைலா என்று ஒருத்தி இருந்தாள். கவிஞன் அம்ரு இப்னு குல்தூமின் தாய். ஹீரா நாட்டு அரசன் ஒருநாள் தன் சுற்றத்தாரிடம், என் தாய்க்கு ஊழியம் செய்ய மறுக்கிற பெண் யாராவது உண்டா என்று கேட்டானாம். இந்த லைலா மறுப்பாள் என்றார்கள். விருந்துக்கு அழைத்தான். உள்ளே, அரசனின் தாய் அந்தத் தட்டை எடுத்துக் கொடு என்றாள். வேண்டியவர்களே எடுத்துக்கொள்ளட்டும் என்றாள் லைலா. மறுபடி வற்புறுத்தியதும் அவமானம் என்று குரல் எழுப்பினாள். வெளியே இருந்த மகன் காதில் விழுந்தது. அங்கே தொங்கிய வாளை எடுத்து அரசனை வெட்டிவிட்டான். அரபுக் கவிதையின் உச்சமாகப் போற்றப்படும் முஅல்லகாக்களில் ஒன்று இந்த அம்ருவுடையது. அதில் இந்த அரசனை நோக்கிய சீற்றம் இருக்கிறது. கதையில் எத்தனை பங்கு உண்மையோ. ஆனால் எனக்குத் தெரிந்த முதல் லைலா, எடுத்துக் கொடு என்றதற்கு மாட்டேன் என்று சொன்னவள்.

உலகம் அறிந்த லைலா இவளுக்குப் பிந்தியவள். ஏழாம் நூற்றாண்டில் ஆமிர் குலத்துக் கைஸ் காதலித்தவள் என்று சொல்லப்படுபவள். கைஸ் அவளைப் பாடினான். பெயர் சொல்லிப் பாடினான். பாட்டு ஊர் ஊராகப் போனது, அவள் பெயரும் கூடவே போனது. ஒரு பெண்ணின் பெயரைப் பாட்டில் வைத்து ஊரறியச் செய்தவனுக்கு அவளைக் கட்டிக்கொடுப்பது அந்தக் குலத்தில் மானக்கேடு. தகப்பன் மறுத்துவிட்டான். கைஸ் பாலைவனத்தில் அலைந்தான். ஜின் பிடித்தவன் என்ற பொருளில் மஜ்னூன் என்றார்கள். அவளுடைய பெயர் எல்லார் வாய்க்கும் போனது, அவனுடைய பெயர் காணாமல் போனது. 1188இல் நிஜாமி இதைப் பாரசீகக் காவியமாக எழுதினார். அதன்பின் கதை எங்கெங்கோ போய், 1930களில் சிங்கப்பூரில் பி.எஸ். ராஜ்ஹன்ஸ் என்ற இந்திய இயக்குநர் ‘லைலா மஜ்னூன்’ என்று மலாயில் படமாக எடுத்தார். முதல் மலாய்த் திரைப்படம் என்று அதைத்தான் வழக்கமாகச் சொல்கிறார்கள். அந்த மேசைக்காரர் காதில் லைலா விழுந்ததற்கு அந்தப் படத்துக்கும் பங்கு இருக்கலாம் என்று நானே ஒரு கணக்குப் போட்டு வைத்திருக்கிறேன்.

இதை வாசித்தபோது தொல்காப்பியம்தான் ஞாபகம் வந்தது. அகத்திணையில் தலைவன் தலைவி யாரையும் பெயர் சுட்டிச் சொல்லக்கூடாது என்பது அங்கே விதி. பள்ளியில் இதைப் படித்தபோது ஏதோ இலக்கணக் கட்டுப்பாடு என்று நினைத்திருந்தேன். கைஸின் கதையை வைத்துப் பார்த்தால், நம் ஆட்கள் அந்த ஆபத்தை முன்கூட்டியே தெரிந்து வைத்திருந்தார்கள் என்று தோன்றுகிறது. பெயர் சொன்னால் அது யாரோ ஒருத்தியின் காதல் ஆகிவிடும், அவள் வீட்டுக்கு ஆள் வரும். பெயர் சொல்லாவிட்டால் அது எல்லாருடையது. குறுந்தொகையில் காதலர் பெயரும் இல்லை, சில இடங்களில் எழுதியவர் பெயரும் இல்லை. செம்புலப்பெயனீரார் என்பது அவர் பாட்டிலிருந்தே அவருக்கு எடுத்து வைத்த பெயர்.

ஆனால் தோட்டத்தில் பெயர் இல்லாமல் இருக்க முடியாது. செக்ரோலில் பெயர் இருந்தால்தான் சம்பளம்.

அத்தை பதினாறு வயதிலிருந்து பால்வெட்டுக்குப் போனவர். நான்கு மணிக்கு எழுந்து, பெரட்டுக்கு நின்று, இருட்டோடு நிரைக்குள் நுழைந்துவிட வேண்டும். விடியுமுன் மரத்துக்குள் அழுத்தம் கூடுதலாக இருக்கும், அப்போது வெட்டினால் பால் நன்றாக இறங்கும். வெயில் ஏற ஏறப் பால் குறையும். ரப்பர் மரமே இரவைச் சேர்ந்த மரம். அத்தையின் சம்பளமும் அப்படி இருட்டில் சம்பாதித்ததுதான்.

சம்பள நாளில் கிராணி செக்ரோலைத் திருப்பி வைப்பார். இடதுபக்கம் ரோமன் எழுத்தில் லைலா என்று தட்டச்சில் இருக்கும். வலதுபக்கம் கையெழுத்து. அத்தை பள்ளியில் படித்தது ஐந்து வருடம். தமிழில் ‘லீலா’ என்று கோணலாக எழுதுவார். ஒரே வரியில் இரண்டு பெயர். கல்யாணமாகிப் பத்தாங் பெர்ஜுந்தை பக்கத்துத் தோட்டத்துக்குப் போன பிறகும் அப்படியேதான். கிட்டத்தட்ட முப்பது வருடம் லைலா சம்பாதித்ததை லீலா வாங்கினார்.

அவருக்கு எந்தப் பெயர் பிடித்திருந்தது என்று யாரும் கேட்டதில்லை. அப்பாவுக்கு அது கடைசிவரை ‘தப்பா எழுதுன பேரு’. மாப்பிள்ளை வீட்டில் பத்திரத்தைப் பார்த்துவிட்டு, “பொண்ணுக்கு ஏன் பாய் வீட்டுப் பேரு?” என்று கேட்டபோது தாத்தா அரபுக் கருப்பாயி கதையைச் சொல்லிச் சமாளித்தார். ஆனால் நான் பள்ளி விடுமுறைக்குப் போயிருந்தபோது ஒன்றைக் கவனித்தேன். அத்தை மாதாமாதம் இனிப்புநீருக்கு மருந்து வாங்கப் போகும் கிளினிக்கில் ஒரு மலாய் அம்மாள் வேலை செய்தார். அவரும் லைலா. அத்தையைப் பார்த்ததும் “நாமா சாமா!” என்று கூப்பிடுவார். ஒரே பெயர்க்காரி. அத்தையும் “நாமா சாமா” என்பார். இரண்டு பேரும் கையைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்கள். ஹரி ராயாவுக்குக் கேத்துப்பாட் வந்தது, தீபாவளிக்கு முறுக்கு போனது. வீட்டுக்குத் திரும்பும்போது கேட்டேன்.

“அத்த, ஒங்களுக்கு லைலான்னு கூப்புட்டா கோவம் வராதா?”

“எதுக்குக் கோவம்? லீலான்னா வெளையாட்டாம். நான் எங்கய்யா வெளையாண்டேன்? ராத்திரின்னா சரியாத்தான் இருக்கு.”

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். எனக்கு அப்போது பதினான்கு வயது. அவர் வேடிக்கைக்குச் சொன்னார் என்று நினைத்தேன்.

அத்தை 2006 மார்ச்சில் இறந்தார். சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது. அந்த நேரம் எப்படிப்பட்டது என்று சொல்லவேண்டும். அதற்கு மூன்று மாதம் முன்னால்தான், 1997 எவரெஸ்ட் பயணக் குழுவில் இருந்த எம். மூர்த்தி இறந்தார். அவர் மதம் மாறியிருந்தார் என்று ஷரியா நீதிமன்றம் சொன்னது, இல்லை இந்துவாகவே வாழ்ந்தார் என்று மனைவி சிவில் நீதிமன்றம் போனார். தனக்கு அதிகாரம் இல்லை என்று அது சொல்லிவிட்டது. 2005 டிசம்பர் கடைசியில் அவர் இஸ்லாமிய முறைப்படி அடக்கம் செய்யப்பட்டார். அதன்பின் பல வாரம் நம் வீடுகளில் இதே பேச்சு. தாளில் என்ன இருக்கிறது, யார் பார்த்தார்கள் என்று பழைய பத்திரங்களை எடுத்துப் பார்க்காத வீடு குறைவு.

மருத்துவமனையில் உடலை வாங்கும் இடத்தில் இருந்த ஊழியர் அட்டையைப் பார்த்தார். “லைலா,” என்றார். எங்களைப் பார்த்தார். “ஆகாமா?” என்ன மதம் என்று கேட்கிறார். மரியாதையாகத்தான் கேட்டார். அவர் வேலை அது. மாமா இந்து என்றார். ஊழியர் தலையாட்டிவிட்டு, ஒருதடவை சரிபார்த்துவிடுகிறேன் என்று அட்டையோடு உள்ளே போனார்.

இரண்டு மணி நேரம். நடைபாதை நாற்காலிகளில் எங்கள் ஆட்கள் பதினைந்து பேர் இருந்தோம். யாரும் அழவில்லை. அழுவதற்குப் பதிலாக எல்லாரும் அட்டையைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தோம். முஸ்லிமாக இருந்தால் மைகார்டில் இஸ்லாம் என்று அச்சாகியிருக்கும், அத்தை அட்டையில் அது இல்லை. பெயருக்குப் பின்னால் ‘அனாக் பெரம்புவான்’ என்பதன் சுருக்கமான ஏ/பி இருந்தது. மலாய்ப் பெயராக இருந்தால் அந்த இடத்தில் ‘பிந்தி’ வரும். அரபில் பிந்த் என்றாலும் மகள், மலாயில் அனாக் பெரம்புவான் என்றாலும் மகள். ஒரே அர்த்தம். ஆனால் அன்றைக்கு அத்தை எந்தச் சுடுகாட்டுக்குப் போவார் என்பது அந்த ஒரே அர்த்தமுள்ள இரண்டு சொல்லில் எது அச்சாகியிருக்கிறது என்பதில் இருந்தது.

ஊழியர் திரும்பி வந்தபோது அப்பா எழுந்து போய், அவர் கேட்காமலேயே சொல்லத் தொடங்கினார். உடைந்த மலாயில், “இது தப்பா எழுதுன பேரு, சார். அவ பேரு லைலா இல்ல. லீலா. லீலா.” திரும்பத் திரும்பச் சொன்னார். ஊழியர் பரவாயில்லை பாச்சிக், எல்லாம் சரியாக இருக்கிறது, கையெழுத்துப் போடுங்கள் என்றார். அப்பா நிறுத்தவில்லை. அவர் பயந்துபோயிருந்தார். அவர் பயந்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

எனக்கு அப்போது இருபது வயது. அப்பாவைத் தடுக்க வேண்டும் போலிருந்தது. அத்தைக்கு அந்தப் பெயர் பிடித்திருந்தது என்று அவருக்குச் சொல்ல வேண்டும் போலிருந்தது. சொல்லவில்லை. அந்த இடத்தில் அதைச் சொன்னால் காரியம் கெட்டுவிடும் என்று நானும் பயந்தேன். கல்லறையில் ‘லீலா’ என்றுதான் பொறித்தோம். காரியத்துக்குக் கிளினிக் லைலா வந்திருந்தார். தலையில் துணியோடு ஓரமாக நின்று, கல்லில் தமிழில் எழுதியிருப்பதைப் பார்த்து, “இது என்ன எழுதியிருக்கு?” என்று என்னிடம் கேட்டார். அத்தை பேரு என்றேன். அவர் அதை லைலா என்றே எடுத்துக்கொண்டார். நான் திருத்தவில்லை.

அத்தை இறந்த மறுவருடம் பத்தாங் பெர்ஜுந்தையின் பெயரையும் மாற்றிவிட்டார்கள். மலாயில் அந்தப் பெயருக்கு ஒரு கூச்சமான அர்த்தம் வரும். இப்போது அது பெஸ்தாரி ஜெயா. எங்கள் வீட்டில் இன்னும் பத்தாங் பெர்ஜுந்தை அத்தை என்றுதான் சொல்கிறோம்.

இதெல்லாம் அம்மாவுக்கும் தெரியும். அதனால்தான் “அந்தப் பிள்ள பட்டது போதாதா” என்றார். மனைவி வேறு மாதிரி கேட்டாள். “பேரு அழகா இருக்கு. தமிழ்நாட்டுல வச்சா பிதாமகன் லைலான்னு சொல்லிட்டுப் போயிருவாங்க. இங்க இவ ஸ்கூல்ல, வேலையில, கல்யாணத்துல, ஒவ்வொரு கவுண்டர்லயும் வெளக்கம் சொல்லணும். வெளக்கம் சொல்லப்போறது நீங்களா, இவளா?”

எனக்குப் பதில் இல்லை. ஆறாம் நூற்றாண்டு தக்லிப் குலத்துக் கதையைக் கவுண்டரில் சொல்ல முடியாது. இந்தப் பெயர் ஒரு மதத்துக்கு மட்டும் சொந்தமில்லை, அரபு பேசும் கிறித்தவர்களும் வைக்கிறார்கள் என்று எனக்குத் தெரியும். தெரிந்து என்ன. அகராதி ஒரு பெயருக்குத் தரும் அர்த்தம் ஒன்று, ஊர் தரும் அர்த்தம் ஒன்று. வாழப்போவது ஊரில்.

கடைசியில் யாமினி என்று முடிவானது. வடமொழியில் யாமினி என்றால் இரவு. மாமனார் கூட்டிப் பார்த்து எண் நன்றாக இருக்கிறது என்றார். அர்த்தத்தை வைத்துக்கொண்டு ஒலியை விட்டுவிட்டேன். நண்பர்களிடம் அத்தை பெயரின் மொழிபெயர்ப்பு என்று பெருமையாகச் சொன்னேன். அதில் பாதிதான் உண்மை. மீதிப் பாதி, அந்த நடைபாதையில் அப்பாவுக்கு வந்த அதே பயம். பதிவு செய்யப் போனபோது பெயரைப் பெரிய எழுத்தில் எழுதிக் கொடுத்து, அவர்கள் அச்சடித்துத் தந்ததை ஒவ்வோர் எழுத்தாக மூன்று தடவை படித்துப் பார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டேன்.

ராத்திரி பிள்ளை தூங்காமல் அழும்போது நான்தான் தோளில் போட்டுக்கொண்டு வாசலில் நடப்பேன். அப்போது வேறு யாரும் இல்லாததால் லைலா என்று கூப்பிட ஆரம்பித்தேன். அத்தைக்குத் தாளில் லைலா, வீட்டில் லீலா. இவளுக்குத் தாளில் யாமினி, வீட்டில் இது. கொஞ்ச நாளில் பகலிலும் வாய் தவறி வந்தது. அம்மா கேட்டும் கேட்காத மாதிரி இருந்தார்.

போன வாரம் நான் வேலையிலிருந்து வந்தபோது சமையலறையிலிருந்து அம்மாவின் குரல் கேட்டது. மனைவியிடம் கேட்டுக்கொண்டிருந்தார்.

“லைலாவுக்குப் பால் கலக்கிட்டியா?”